ஸ்டேஷனில் மூடினால் வழக்கு முடிந்துவிடுமா?

திருவள்ளூர் மாவட்டத்திலிருந்து, அதிலும் கும்மிடிப்பூண்டி சிப்காட் சுற்றுவட்டாரத்திலிருந்து வரும் கேள்விகள் பலவும் ஒரே இடத்தில் போய் முட்டுகின்றன. ஒருவர் இறந்துவிட்டார். எப்படி இறந்தார் என்று சொல்ல போலீசால் முடியவில்லை, அல்லது மனமில்லை. இனி என்ன செய்வது? இந்த முறை அந்தக் கேள்விகளுக்கு மட்டும் பதில்.

அண்ணன் வாடகை அறையில் இறந்து கிடந்தார். ஸ்டேஷனில் கேட்டால் “174 போட்டாச்சு” என்கிறார்கள். கேஸ் இருக்கிறதா, இல்லையா?
(சிப்காட் தொழிலாளியின் தங்கை, புதுகும்மிடிப்பூண்டி)

பாதி இருக்கிறதம்மா. மீதிப் பாதியை நீங்கள்தான் எழுதிக் கொடுக்க வேண்டும்.

174 என்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 194-ஆம் பிரிவு இருக்கிறது. சட்டம் மாறினாலும் ஸ்டேஷன் வாய்க்குப் பழைய எண்தான் வருகிறது. இந்தப் பிரிவு கேட்கும் கேள்வி மிகச் சிறியது: பார்த்த அளவில் சாவுக்குக் காரணம் என்ன? பஞ்சாயத்தார் முன்னிலையில் உடலைப் பார்ப்பார்கள், காயங்களை எழுதுவார்கள், பிரேதப் பரிசோதனைக்கு அனுப்புவார்கள். யார் செய்தது, ஏன் செய்தது என்பதெல்லாம் இதில் வராது. அறிக்கையும் வருவாய்த்துறையின் நிர்வாக நடுவருக்குத்தான் போகும். நீதிபதி ஒருவர் அதைப் படித்துப் பார்த்து “இது போதாது” என்று திருப்பி அனுப்பும் கட்டம் இங்கே இல்லை. சந்தேக மரணங்கள் சத்தமில்லாமல் முடிந்துபோவது இந்த இடத்தில்தான்.

அதனால் சந்தேகத்தை வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். யார் மேல் சந்தேகம், என்ன காரணம், கடைசியாகப் போனில் என்ன பேசினார், உடலில் எங்கே காயம் பார்த்தீர்கள் என்று எழுதிக் கொடுங்கள். கொலை போன்ற குற்றத்தை ஒரு புகார் காட்டினால் எஃப்.ஐ.ஆர் போடுவது கட்டாயம் என்று 2013-இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. ஏற்கெனவே போட்ட வழக்கில் பிரிவை மாற்றவும் வழியுண்டு. “செக்‌ஷன் ஆல்டர்” என்று ஸ்டேஷனில் சொல்வார்கள். அதைக் கேளுங்கள்.

போலீஸ் மேல் நம்பிக்கை போய்விட்டது. நேராக ஹைகோர்ட் போய் சி.பி.ஐ கேட்டால் என்ன?
(வாசகர், செங்குன்றம்)

கேட்கலாம். “கீழே போய்ப் பார்த்தீர்களா?” என்றுதான் முதலில் திருப்பிக் கேட்பார்கள்.

இதற்குக் காரணமான வழக்கே ஒரு சந்தேக மரணம்தான். 2003 ஆகஸ்டில் மதுரா ரயில் நிலையத்தில் ஒரு ராணுவ மேஜர் இறந்து கிடந்தார். விபத்து அல்லது தற்கொலை என்றது ரயில்வே போலீஸ். தற்கொலை என்றது ராணுவ விசாரணை. ஊழலை வெளிக்கொண்டு வந்ததால் மகனைக் கொன்றுவிட்டார்கள் என்றார் தந்தை. சி.பி.ஐ கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். சகிரி வாசு வழக்கு என்று சட்டப் புத்தகங்களில் இருப்பது அந்தத் தந்தையின் பெயர்தான். அவர் கேட்ட சி.பி.ஐ கிடைக்கவில்லை. ஆனால் அந்தத் தீர்ப்பில் நாட்டிலுள்ள எல்லோருக்கும் ஒன்று கிடைத்தது. எஃப்.ஐ.ஆர் போட மறுத்தாலும், போட்டுவிட்டுச் சரியாக விசாரிக்காவிட்டாலும், உள்ளூர் மாஜிஸ்திரேட்டே உத்தரவிடலாம், விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று கண்காணிக்கவும் செய்யலாம் என்றது உச்ச நீதிமன்றம்.

உங்கள் வழி இதுதான். ஸ்டேஷனில் புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள். அசையவில்லை என்றால் புதிய நடைமுறைச் சட்டத்தின் 173(4) பிரிவின்படி எஸ்.பி-க்குப் பதிவுத் தபால். ஒன்றைக் கவனியுங்கள்: 2022 ஜனவரியில் ஆவடி காவல் ஆணையரகம் வந்த பிறகு செங்குன்றம், சோழவரம், மீஞ்சூர் பக்கமெல்லாம் அதன் கீழ். கும்மிடிப்பூண்டி பழையபடி திருவள்ளூர் எஸ்.பி-யின் கீழ். தபால் தப்பான மேசைக்குப் போனால் வாரக்கணக்கில் அங்கேயே கிடக்கும். அதற்கும் பதில் இல்லையென்றால், பிரமாணப் பத்திரத்தோடு ஸ்டேஷன் எல்லைக்குரிய மாஜிஸ்திரேட்டிடம் 175(3) மனு. இவ்வளவும் செய்த தபால் ரசீதுகளோடு ஹைகோர்ட் படியேறும் மனுவுக்கு இருக்கும் பலமே வேறு.

சி.பி.ஐ வந்தால் உண்மை வந்துவிடும்தானே?
(கல்லூரி மாணவர், பொன்னேரி)

ராமஜெயம் வழக்கைக் கேளுங்கள், தம்பி. அமைச்சராக இருந்த கே.என். நேருவின் தம்பி. 2012 மார்ச் 29 காலை திருச்சி தில்லை நகரில் நடைப்பயிற்சிக்குப் போனவர் கொலை செய்யப்பட்டார். உள்ளூர் போலீஸ் தேடியது. சி.பி.சி.ஐ.டி தேடியது. 2017-இல் உயர் நீதிமன்றம் சி.பி.ஐ-யிடம் கொடுத்தது. 2022-இல் அதே நீதிமன்றம் சிறப்புப் புலனாய்வுக் குழு அமைத்தது. செல்வாக்குக்கும் பணத்துக்கும் குறைவில்லாத குடும்பம், நான்கு விசாரணை அமைப்புகள், நீதிமன்றத்தின் நேரடி மேற்பார்வை எல்லாம் இருந்தும் பத்தாண்டு கடந்து கொலையாளி யாரென்று தெரியவில்லை.

விசாரிக்கும் அமைப்பை நீதிமன்றத்தால் மாற்ற முடியும். முதல் இரண்டு நாளில் எடுக்காமல் விட்ட தடயத்தைத் திரும்ப வரவழைக்க முடியாது.

அப்படியென்றால் கோர்ட் தலையிட்டு எதுவுமே நடக்கவில்லையா?
(அதே மாணவர்)

நடந்திருக்கிறது. கோட்டயத்தைப் பாருங்கள். 1992 மார்ச் 27 அன்று சிஸ்டர் அபயா என்ற இளம் கன்னியாஸ்திரி கான்வென்ட் கிணற்றில் பிணமாகக் கிடந்தார். தற்கொலை என்றது உள்ளூர் போலீஸ். கிரைம் பிராஞ்சும் அதையே சொன்னது. 1993-இல் சி.பி.ஐ எடுத்துக்கொண்டது. அந்த சி.பி.ஐ-யே 1996-இல் கொலையா தற்கொலையா என்று சொல்ல முடியவில்லை என்று மூடப் பார்த்தது. எர்ணாகுளம் மாஜிஸ்திரேட் நீதிமன்றம் ஏற்கவில்லை. 1999-இல் கொலைதான், ஆனால் ஆதாரமில்லை என்று மறுபடி மூடப் பார்த்தது. அதையும் ஏற்கவில்லை. 2005-இல் மூன்றாம் முறை. அப்போதும் இல்லை. 2008-இல் கேரள உயர் நீதிமன்றம் வழக்கைக் கொச்சி சி.பி.ஐ பிரிவுக்கு மாற்றிய பிறகே கைது நடந்தது. 2020 டிசம்பரில் இருவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. அபயா இறந்த இரவில் கான்வென்ட்டுக்குள் திருட வந்த ஒருவரின் சாட்சியம் அந்தத் தீர்ப்பில் முக்கியமானது. 2022-இல் மேல்முறையீட்டில் தண்டனை நிறுத்திவைக்கப்பட்டு அவர்கள் ஜாமீனில் வந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். தீர்ப்பைக் கேட்க அபயாவின் பெற்றோர் உயிரோடு இல்லை.

இந்த வழக்கில் நான் தலைவணங்குவது மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கு. பெரிய உத்தரவு எதுவும் அது போடவில்லை. மூடுகிறோம் என்று வந்த அறிக்கையை மூன்று முறை திருப்பி அனுப்பியது. வழக்கு உயிரோடிருந்தது அதனால்தான்.

நம் ஊரிலும் உண்டு. 2003 ஜூலையில் விருத்தாசலம் அருகே கண்ணகியும் முருகேசனும் விஷம் கொடுத்துக் கொல்லப்பட்டு எரிக்கப்பட்டார்கள். உள்ளூர் போலீஸ் செய்த விசாரணையின் லட்சணம் எப்படியென்றால், மகனைப் பறிகொடுத்த முருகேசனின் தந்தையையும் குற்றவாளிப் பட்டியலில் சேர்த்தார்கள். 2004-இல் உயர் நீதிமன்றம் சி.பி.ஐ-க்கு மாற்றியது. 2021-இல் கடலூர் நீதிமன்றம் தண்டித்தவர்களில் அந்த வழக்கைக் கையாண்ட போலீஸ் அதிகாரிகள் இருவரும் இருந்தார்கள். 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தண்டனைகளை உறுதி செய்தது. இருபத்திரண்டு ஆண்டுகள் ஆயின. நீதிமன்றம் தலையிடாமல் இருந்திருந்தால் இருநூறு ஆண்டானாலும் நடந்திருக்காது.

நம் மாவட்டத்தில் கோர்ட் உத்தரவால் ஏதாவது மாறியதா?
(ஆசிரியை, திருவள்ளூர்)

மாறியது. 2022 ஜூலையில் கள்ளக்குறிச்சி கனியாமூர் பள்ளி மாணவி மரணத்தை ஒட்டிக் கலவரம் வெடித்தபோது, உயர் நீதிமன்ற நீதிபதி என். சதீஷ்குமார் ஜூலை 18 அன்று இரண்டாவது பிரேதப் பரிசோதனைக்கு உத்தரவிட்டார். கல்வி நிலையங்களில் நடக்கும் மரணங்களை இனி சி.பி.சி.ஐ.டி விசாரிக்க வேண்டும் என்றும் சொன்னார். ஒரு வாரம்தான் ஆனது. ஜூலை 25 அன்று நம் கீழச்சேரியில் பள்ளி விடுதியில் ஒரு பிளஸ் டூ மாணவி இறந்தார். வழக்கு உடனே சி.பி.சி.ஐ.டி-க்குப் போனது. அந்தக் குடும்பம் அதற்காக எந்தக் கோர்ட் வாசலிலும் நிற்க வேண்டியிருக்கவில்லை. ஒரு ஊரின் வழக்கில் போட்ட உத்தரவு இன்னொரு ஊரின் குடும்பத்துக்கு உதவியது.

எனக்கு ஒரு ஆசை. பள்ளி விடுதிக்கு வந்த அந்த விதி, நூற்றுக்கணக்கான இளைஞர்கள் ஒப்பந்ததாரர் எடுத்துக் கொடுத்த அறைகளில் தங்கியிருக்கும் சிப்காட் பகுதிக்கும் வர வேண்டும். அங்கேயும் வெளியூர்ப் பிள்ளைகள்தான் தங்கியிருக்கிறார்கள். அவர்களைப் பெற்றவர்களும் தூரத்தில்தான் இருக்கிறார்கள்.

தொழிற்சாலைக்குள் செத்தால் “விபத்து”, வெளியே செத்தால் “தற்கொலை”. எங்கள் ஏரியாவில் இவ்வளவுதான் வகை. சரியா?
(ரோலிங் மில் தொழிலாளி, கும்மிடிப்பூண்டி சிப்காட்)

உங்கள் கோபம் சரி. அதன் பின்னால் ஒரு சட்டச் சிக்கல் இருக்கிறது, தெரிந்துகொள்ளுங்கள்.

மில்லுக்குள் இறந்தால் பெரும்பாலும் கவனக்குறைவால் மரணம் என்று பாரதிய நியாய சன்ஹிதா (பி.என்.எஸ்) 106(1)-இல் வழக்குப் போடுவார்கள். பழைய 304-ஏ பிரிவில் அதிகபட்சம் இரண்டு வருடம் என்றிருந்த தண்டனை இப்போது ஐந்து வருடம். முன்னேற்றம்தான். ஆனால் தடயவியல் நிபுணர்கள் கட்டாயம் சம்பவ இடத்துக்கு வர வேண்டும் என்று புதிய நடைமுறைச் சட்டம் சொல்வது ஏழு வருடமும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றங்களுக்கு. அதையும் மாநிலங்கள் படிப்படியாக நடைமுறைப்படுத்த ஐந்தாண்டு அவகாசம் கொடுத்திருக்கிறது. ஆக, முதல் நாள் ஸ்டேஷன் எழுத்தர் எந்தப் பிரிவை எழுதுகிறார் என்பதைப் பொறுத்துத்தான் அங்கே தடயம் எடுக்க ஆள் வருவது. விபத்து என்று எழுதினால் ஆள் வர வேண்டிய கட்டாயமில்லை. ஆள் வராததால் விபத்து இல்லை என்று காட்ட வழியுமில்லை. அடுத்த ஷிப்டுக்குத் தரை கழுவப்பட்டு மெஷின் ஓடும்.

தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்ககத்துக்குத் தகவல் போக வேண்டும், அவர்கள் வந்து விசாரிக்க வேண்டும் என்பது சட்டம். அந்த விசாரணை அறிக்கை போலீஸ் கோப்பிலிருந்து தனி. போலீசின் கதையும் அந்த அறிக்கையும் ஒத்துப்போகாத இடத்தில்தான் நல்ல வழக்கறிஞருக்கு வேலை. 2025 செப்டம்பர் 30 அன்று மீஞ்சூர் பக்கம் கட்டுமானத்திலிருந்த எண்ணூர் அனல் மின் நிலையத்தில் சாரம் சரிந்து ஒன்பது வடமாநிலத் தொழிலாளர்கள் இறந்தார்கள். ஒன்பது பேர் ஒரே நேரத்தில் இறந்ததால் நாடே பார்த்தது. ஒருவராக இறந்தால் பார்க்க ஆளில்லை. அந்த ஒருவருக்காகத்தான் மாஜிஸ்திரேட் மனு.

பாம்பு கடித்துச் செத்தார் என்று முடித்த கேஸ் கொலையானதே, அது எப்படி?
(வாசகி, பள்ளிப்பட்டு)

உங்கள் பக்கத்து பொதட்டூர்பேட்டை வழக்கைச் சொல்கிறீர்கள். 2025 அக்டோபரில் அரசுப் பள்ளி ஆய்வக உதவியாளர் ஒருவர் வீட்டில் பாம்பு கடித்து இறந்ததாகப் பதிவானது. டிசம்பரில் சிறப்புக் குழு அவருடைய இரண்டு மகன்கள் உட்பட ஆறு பேரைக் கைது செய்தது. சுமார் மூன்று கோடி ரூபாய் இன்ஷூரன்ஸ் பணத்துக்காகப் பாம்பை விலைக்கு வாங்கிக் கடிக்க விட்டார்கள் என்பது போலீசின் குற்றச்சாட்டு. அதை நிரூபிக்க வேண்டிய இடம் நீதிமன்றம்.

அந்தக் கோப்பைத் திறக்கவைத்தது யார் என்பதுதான் என் மனதில் நிற்கிறது. ஊரும் உறவும் கேட்கவில்லை, இன்ஷூரன்ஸ் கம்பெனி கேட்டது. குடும்பத்தின் வருமானத்துக்குப் பொருந்தாத அளவு பாலிசிகள் இருந்ததைப் பார்த்துச் சந்தேகப்பட்டார்கள். அதன் பிறகு போலீஸ் நன்றாகவே விசாரித்தது. அப்படியானால் திறமை நம் போலீசிடம் இருக்கிறது. யாராவது விடாமல் கேட்டால் அது வெளியே வருகிறது. இன்ஷூரன்ஸ் எடுக்காத கூலித் தொழிலாளி இறந்தால் அந்தக் கேள்வியைக் கேட்க வேண்டியவர் நீதிபதி.

கும்மிடிப்பூண்டி எம்.எல்.ஏ கொலையை மட்டும் எப்படிக் கண்டுபிடித்தார்கள்?
(பழைய கட்சித் தொண்டர், பெரியபாளையம்)

உழைத்தார்கள், ஐயா. 2005 ஜனவரியில் தானாகுளத்தில் வீடு புகுந்து எம்.எல்.ஏ சுதர்சனத்தைச் சுட்டுக் கொன்ற பவாரியா கும்பலை, எஸ்.ஆர். ஜாங்கிட் தலைமையிலான தனிப்படை வட இந்தியா முழுவதும் அலைந்து பிடித்தது. கைரேகைதான் வழிகாட்டியது. அந்தப் போலீஸ்காரர்களுக்குத் தமிழ்நாடு கடன்பட்டிருக்கிறது. மூவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது 2025 நவம்பரில்தான்.

அதே மண், அதே காவல்துறை. லாரிகள் ஓடும் அந்த நெடுஞ்சாலையைப் பிடித்து ராஜஸ்தான், ஹரியானா வரை போன கால்களால், ஒரு ஒடிசா பையனின் அறைத்தோழரைத் தேடி கட்டாக் வரை போக முடியாதா என்பதுதான் என் கேள்வி.

ரயில் தண்டவாளத்தில் உடல் கிடந்தால் கதை முடிந்தது என்கிறார்களே?
(டீக்கடை உரிமையாளர், கவரைப்பேட்டை)

கோகுல்ராஜ் உடலும் தண்டவாளத்தில்தான் கிடந்தது. 2015 ஜூனில் பள்ளிபாளையம் அருகே, தலை வேறாக. கூடவே தற்கொலைக் கடிதம். முதலில் போட்டது சந்தேக மரண வழக்கு. பிறகுதான் கொலை வழக்கு, சி.பி.சி.ஐ.டி எல்லாம். 2022-இல் யுவராஜ் உட்பட பத்துப் பேர் குற்றவாளிகள் என்று தீர்ப்பு வந்தது. 2023-இல் மேல்முறையீட்டைக் கேட்ட நீதிபதிகள் எம்.எஸ். ரமேஷும் என். ஆனந்த் வெங்கடேஷும் கோப்போடு நிறுத்திக்கொள்ளவில்லை. திருச்செங்கோடு கோயிலுக்கும் தண்டவாளத்துக்கும் நேரில் போய்ப் பார்த்துவிட்டுத்தான் தண்டனையை உறுதி செய்தார்கள்.

உங்கள் பகுதியில் இன்னொரு தொல்லை, எல்லைப் பிரச்சினை. தண்டவாளத்தில் என்றால் கொருக்குப்பேட்டை ரயில்வே போலீஸ். பத்தடி தள்ளிக் கிடந்தால் உள்ளூர் ஸ்டேஷன். ஆரம்பாக்கம் தாண்டினால் ஆந்திரா. “எங்கள் எல்லை இல்லை” என்று திருப்பி அனுப்ப இப்போது சட்டத்தில் இடமில்லை. எந்த ஸ்டேஷனிலும் புகாரைப் பதிந்து உரிய இடத்துக்கு அனுப்ப வேண்டும். ஜீரோ எஃப்.ஐ.ஆர் என்று கேளுங்கள்.

கான்ட்ராக்டர் உடலை ஆம்புலன்ஸில் ஏற்றி ஊருக்கு அனுப்பிவிட்டார். அறையில் இருந்த எங்களுக்குச் சந்தேகம். என்ன செய்ய?
(ஒடிசா தொழிலாளர்கள் சார்பில் எழுதியவர், எளாவூர்)

உடனே ஊருக்குப் போன் போட்டு, தகனம் செய்ய வேண்டாம் என்று சொல்லுங்கள். மற்ற எதையும் பிறகு சரிசெய்யலாம். எரித்த உடலைப் பரிசோதிக்க முடியாது. புதைத்திருந்தால் நடுவர் உத்தரவோடு தோண்டிப் பார்க்க வழியுண்டு.

அங்கேயே, அவர்கள் ஊர் ஸ்டேஷனிலேயே, இறந்தவரின் தந்தை புகார் கொடுக்கலாம். அது கும்மிடிப்பூண்டிக்கு வந்து சேரும். உள்ளூர் மொழியில் எழுதலாம். நீங்கள் அறையில் பார்த்ததை, அவர் கடைசியாக யாரோடு போனார் என்பதை, போன் எங்கே என்பதை இன்றே எழுதித் தேதி போட்டு வைத்துக்கொள்ளுங்கள். சி.சி.டி.வி பதிவுகள் சில வாரங்களில் தானாக அழிந்து மேலே புதிது பதிவாகிவிடும். எந்தெந்தக் கடை, எந்த கேட், எந்த கேமரா என்று குறிப்பிட்டு, பதிவைப் பாதுகாக்கக் கோரி எஸ்.பி-க்கு ஒரு மனு கொடுங்கள். பின்னால் பதிவு அழிந்துபோனால், கேட்டும் எடுக்கவில்லை என்று நீதிமன்றத்தில் காட்ட உங்கள் கையில் இருக்கும் காகிதம் அது.

சாத்தான்குளம் நினைவிருக்கும். 2020 ஜூனில் ஜெயராஜும் மகன் பென்னிக்ஸும் காவலில் இறந்தபோது, மதுரைக் கிளையில் நீதிபதிகள் பி.என். பிரகாஷும் பி. புகழேந்தியும் யாரும் கேட்கும் முன்பே வழக்கைக் கையில் எடுத்தார்கள். நேரில் போன மாஜிஸ்திரேட்டுக்குப் போலீசார் ஒத்துழைக்கவில்லை. ஸ்டேஷனையே வருவாய்த்துறையின் கட்டுப்பாட்டில் கொண்டுவர உத்தரவிட்டது நீதிமன்றம். அவ்வளவு வேகத்திலும் சி.சி.டி.வி பதிவு கைக்கு எட்டவில்லை. தினமும் அழிந்துவிடும்படி அமைத்து வைத்திருந்தார்கள் என்று மாஜிஸ்திரேட் தன் அறிக்கையில் எழுதினார். அந்த இடத்தை நிரப்பியது தலைமைக் காவலர் ரேவதியின் வாக்குமூலம். இரவெல்லாம் நடந்ததைப் பார்த்த ஒருவர் வாய் திறந்தார். உங்கள் அறையில் அப்படி ஒருவர் இருந்தால் அவரைத் தனியாக விடாதீர்கள்.

இரண்டாவது போஸ்ட்மார்ட்டம் கேட்டால் கிடைக்குமா? எங்கள் டாக்டரை உள்ளே விடுவார்களா?
(வாசகர், ஊத்துக்கோட்டை)

காரணம் காட்டினால் மறு பரிசோதனை கிடைக்கலாம். உங்கள் டாக்டரை உள்ளே விடுவது அரிது. கள்ளக்குறிச்சி வழக்கில் மறு பரிசோதனைக்கு உத்தரவிட்ட நீதிபதியே, தந்தை கேட்ட மருத்துவரை அனுமதிக்கவில்லை. 2016 செப்டம்பரில் சுவாதி கொலை வழக்கில் கைதான ராம்குமார் புழல் சிறையில் இறந்தபோதும் இதே கோரிக்கை வந்தது. இரு நீதிபதிகள் வேறுபட்டு, மூன்றாம் நீதிபதி வரை போய், கடைசியில் டெல்லி எய்ம்ஸ் மருத்துவர் ஒருவரைச் சேர்த்துக்கொள்ள உத்தரவானது. அதுவரை உடல் ராயப்பேட்டை மருத்துவமனையில் காத்திருந்தது.

நேரம் போகப் போக உடல் சொல்லக்கூடியது குறையும். முதல் பரிசோதனைக்கு முன்பே, வீடியோ எடுக்க வேண்டும் என்று எழுதிக் கொடுங்கள். உள்ளுறுப்பு மாதிரிகள் ஆய்வகத்துக்குப் போனதா, என்று போனது என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். ஆய்வக முடிவு வராமலே “தற்கொலை” என்று மூடும் வழக்குகளில் நீதிபதி முதலில் பார்ப்பது அந்தத் தேதியைத்தான்.

முப்பது வருஷம் ஸ்டேஷனில் இருந்தவன் நான். பந்தோபஸ்துக்கு ஓடியபடி துப்பும் துலக்க எங்களுக்கு எத்தனை கை? பழி மட்டும் எங்களுக்கா?
(ஓய்வுபெற்ற காவலர், மணவாள நகர்)

இல்லை ஐயா. உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. சட்டம் ஒழுங்குப் பணியையும் புலனாய்வையும் பிரிக்கச் சொல்லி 2006-இல் பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அது முழுமையாக நடந்திருந்தால், திருவிழா பந்தோபஸ்து முடித்துவிட்டு நள்ளிரவில் வந்து பிண விசாரணை அறிக்கை எழுதும் நிலை இருக்காது. ஒரு வழக்கைத் துலக்க முடியாமல் போவதை நான் குற்றமாகச் சொல்லவில்லை. துலக்க முடியவில்லை என்று ஒப்புக்கொள்ளாமல், தற்கொலை என்று எழுதுவதைத்தான் சொல்கிறேன். உங்களைப் போன்றவர்கள் இதைத் திறந்து பேசினால் எங்கள் எழுத்தைவிட அதற்கு மதிப்பு அதிகம்.

ஆர்.சி.எஸ் நோட்டீஸ் வந்திருக்கிறது. “மேல் நடவடிக்கை கைவிடப்பட்டது” என்கிறது. எல்லாம் போச்சா?
(இறந்தவரின் மனைவி, மாதர்பாக்கம்)

போகவில்லையம்மா. வழக்கை மூடப்போவதாகச் சொல்லும் அந்த நோட்டீஸ் உங்களுக்குக் கொடுக்கப்பட்ட வாய்ப்பு. அது கிடைக்கக் காரணமும் ஒரு தந்தைதான். டெல்லியில் தீக்காயத்தில் மகளைப் பறிகொடுத்த பகவந்த் சிங், போலீஸ் விசாரணையை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனார். வழக்கை மூடும் அறிக்கையை ஏற்கும் முன் புகார் கொடுத்தவருக்குத் தகவல் சொல்லி, அவர் தரப்பைக் கேட்டே ஆக வேண்டும் என்று 1985-இல் தீர்ப்பு வந்தது.

அதனால் நோட்டீஸை மடித்து வைத்துவிடாதீர்கள். எந்த நீதிமன்றம் என்று அதில் பார்த்து, ஆட்சேபனை மனு போடுங்கள். உள்ளே என்ன எழுத வேண்டும் தெரியுமா? “எனக்கு நியாயம் வேண்டும்” என்பது போதாது. யாரை விசாரிக்கவில்லை, எந்த போனின் அழைப்புப் பட்டியலை எடுக்கவில்லை, எந்த கேமராவைப் பார்க்கவில்லை, பரிசோதனை அறிக்கையின் எந்தக் காயத்துக்கு விளக்கமில்லை என்று ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள். நீதிபதி ஏற்றால் மேல்விசாரணைக்கு உத்தரவிடலாம். போலீஸ் முடிவை ஒதுக்கிவிட்டு வழக்கைத் தானே எடுத்துக்கொள்ளவும் செய்யலாம். முற்றிலும் புதிய விசாரணை, வேறு அமைப்பு என்றால் அது உயர் நீதிமன்றத்தின் அதிகாரம். மாநிலத்தின் சம்மதமில்லாமலும் சி.பி.ஐ-க்கு உத்தரவிட உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரமுண்டு என்று 2010-இல் ஐந்து நீதிபதிகள் சொல்லியிருக்கிறார்கள். அபூர்வமாகவே பயன்படுத்த வேண்டும் என்றும் சேர்த்தே சொன்னார்கள்.

விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்று கேட்டாலே விரட்டுகிறார்கள்.
(வாசகர், திருத்தணி)

தொண்ணூறு நாளுக்குள் விசாரணையின் முன்னேற்றத்தைப் புகார்தாரருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ தெரிவிப்பது இப்போது போலீசின் கடமை. புதிய நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 193(3). எண்ணைச் சொல்லி எழுத்தில் கேளுங்கள்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணமில்லை. இதையெல்லாம் யார் நடத்துவது?
(தொழிலாளியின் தாய், கும்மிடிப்பூண்டி)

அரசு நடத்த வேண்டும், தாயே. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கும், தொழிற்சாலைத் தொழிலாளர்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வழக்கறிஞர் தர வேண்டும் என்பது 1987-ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு. நீங்கள் பெண் என்ற ஒரு காரணமே போதும். திருவள்ளூர் நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பொன்னேரியில் வட்டக் குழு இருக்கிறது. போன் எண் 15100. போகும்போது எஃப்.ஐ.ஆர் நகல், பிரேதப் பரிசோதனை அறிக்கை, மகனின் சம்பளச் சீட்டு அல்லது இ.எஸ்.ஐ அட்டை, அவர் கடைசியாகப் பேசிய போன் ஆகியவற்றை எடுத்துப் போங்கள். போனில் உள்ளதை யார் கேட்டாலும் அழிக்க வேண்டாம். அதை யாரிடமாவது ஒப்படைத்தால் கையெழுத்துப் போட்ட ரசீது வாங்காமல் கொடுக்காதீர்கள்.